தோடம்பழ நிறக் கோட்டு

எசன், 3.9.2006

அன்பு மருமகள் ஆதிரைக்கு மாமா தம்பித்துரை எழுதுவது. நானும் மாமி மகாதேவியும் சுகம். என் முழங்கால் மட்டும் மழை வருவதை மழைக்கு முந்தி எனக்குச் சொல்லிவிடுகிறது. உன் சுகத்துக்கு ஹம் நகர்க் கோயில் காமாட்சி அம்பாளிடம் சொல்லிவைத்திருக்கிறேன். அவவுக்கு என்னை நல்லாய்த் தெரியும்.

அமெரிக்காவில் இருந்து நீ போட்ட அட்டை கிடைத்தது. உங்கள் வீடு இருக்கிற பான் நகரில் இருந்து எசனுக்கு ரயிலில் ஒரு மணித்தியாலம். ஏழு வருடமாய் அங்கிருந்து ஒரு சொல் வரவில்லை. ஒரு வருடப் படிப்புக்கு அயோவா என்கிற சோளக்காட்டுக்குப் போன பிறகுதான் மாமன் ஒருத்தன் இருக்கிறான் என்று உனக்கு நினைவு வந்திருக்கிறது. குறை சொல்லவில்லை. சில பேருக்குத் தூரப் போனால்தான் கிட்டப் பார்வை தெளியும்.

இங்கே ஜெர்மனியில் உலகக் கோப்பை நல்லபடி முடிந்தது. என் ஹோட்டல் சமையலறை இல்லாவிட்டால் அது நடந்திருக்காது என்று வைத்துக்கொள். ஒரு நாட்டு அணி முழுவதும் என் உருளைக்கிழங்குச் சலாட்டைச் சாப்பிட்டுவிட்டுத்தான் போய் மூன்று கோல் போட்டது. எந்த நாடு என்று கேட்காதே. வெளியில் சொல்வதில்லை என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன்.

ராசனின் கடையில் வெண்டைக்காய் பொறுக்கும்போது கேள்விப்பட்டேன், உன் அண்ணன் ரஜிதனுக்குச் சித்திரையில் கலியாணமாம். நல்லது. எனக்கு ஒருவரும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. நீ பெரியபிள்ளையான சாமத்தியவீட்டுக்கு எனக்குத் தபாலில் கார்ட் அனுப்பியவர்கள்தானே. ஊருக்குத் தபால் போதும். தாய்மாமனுக்கு வாசலில் வந்து நின்று சொல்லவேண்டும். சொல்லவில்லை, நான் வரவில்லை. அந்தக் கதை இப்போது வேண்டாம்.

நீ பல்கலைக்கழக அணியில் ஏதோ பெரிய ஆளாமே. விளக்கமாய் எழுது. டெலிபோன் எடுக்காதே. டெலிபோனில் கதைத்தால் மாமி பக்கத்தில் நின்று திருத்துவாள். கடிதத்தில் ஒருவரும் குறுக்கே வர ஏலாது.

என்றும் உன் நலம் கேட்கும்
மாமா

பிள்ளை, கடிதத்தைத் தபாலில் போடுவது நான்தான். சலாட் சாப்பிட்டது அணி இல்லை, அவர்களுடைய பஸ் சாரதி. – மாமி


அயோவா, 24.9.2006

அன்புள்ள மாமாவுக்கும் மாமிக்கும் ஆதிரை வணக்கம். நான் நல்ல சுகம். முழங்காலுக்குச் சூடான ஒத்தடம் கொடுங்கோ. சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளியில் படித்த தமிழ், பிழை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கோ.

நான் அணியில் விளையாடவில்லை மாமா. அணிக்காக வாசிக்கிற பெரிய இசைக்குழுவில் தாளம் அடிக்கிறேன். கோயில் தாளம் மாதிரித்தான், ஆனால் ஒவ்வொன்றும் ஒரு சுளகு அளவு. நடந்துகொண்டே அடிக்கவேண்டும்.

விளையாட்டும் நீங்கள் நினைக்கிற உதைபந்து இல்லை. முட்டை வடிவப் பந்தைக் கையில் தூக்கிக்கொண்டு ஒருவன் ஓடுவான், மற்றவர்கள் எல்லோரும் அவனுக்கு மேலே விழுவார்கள். எங்கள் அணிக்குப் பெயர் கொக்குகள். ஒவ்வொரு பல்கலைக்கழகமும் பனி வருவதற்கு முன் பன்னிரண்டு ஆட்டம் ஆடும். அதில் ஆறு வென்றால், பருவம் முடிந்த பிறகு நடக்கிற ‘பௌல்’ ஆட்டம் ஒன்றுக்குத் தகுதி வரும். பௌல் என்றால் கிண்ணம். பழைய மைதானங்கள் கிண்ண வடிவில் இருந்ததால் அந்தப் பெயர்.

தகுதி வந்தாலும் நாங்களாகப் போக ஏலாது. யாராவது அழைக்கவேண்டும். கொக்குகளைக் கடைசியாய் யாரோ அழைத்தது நான் பிறப்பதற்கு முந்தியாம். இதுவரை நாலு ஆட்டத்தில் ஒன்று வென்றிருக்கிறோம்.

வேறு புதினம் இல்லை.

அன்புடன்
ஆதிரை


எசன், 10.10.2006

தாளக்காரி ஆதிரைக்கு மாமாவின் ஆசி. சுகம். ஒத்தடம் கொடுத்தேன். முழங்கால் இப்போது மழையைப் பற்றி ஒன்றும் சொல்லுவதில்லை, அதனால் நேற்று நனைந்துவிட்டேன்.

வேறு புதினம் இல்லை என்று எழுதியிருந்தாய். சரி. இல்லாவிட்டால் இல்லைத்தானே.

கிண்ணம் பற்றி ராசனின் கடையில் சனிக்கிழமை முழுவதும் விளக்கினேன். எங்கள் ஹோட்டலில் தங்கிய ஓர் அமெரிக்கனிடம் மிச்சத்தைக் கேட்டு அறிந்துகொண்டேன். ரோசாக் கிண்ணத்துக்கு மைதானம் முழுக்க ரோசா இதழ் தூவுவார்கள், முள்ளில் கால் குத்தாமல் ஓடுகிறவன்தான் வீரன். சீனிக் கிண்ணத்தில் வென்றவன் கிண்ணம் நிறையச் சீனித்தண்ணி குடிக்கவேண்டும், தோற்றவனுக்குப் பச்சைத்தண்ணி. கடையில் நின்றவர்கள் அரிசி வாங்க மறந்துபோய்க் கேட்டுக்கொண்டு நின்றார்கள். நீதான் அணித்தலைவி என்றும் சொல்லிவிட்டேன். இனி மாற்ற ஏலாது.

ஒன்றை மட்டும் வடிவாய் விசாரித்து எழுது. அழைப்பது யார்? எப்படி அழைப்பார்கள்? தபாலிலோ? ராசன் அறிய ஆசைப்படுகிறான்.

சாப்பாட்டில் கவனம் என்று வற்புறுத்தும்
மாமா

ராசன் ஒன்றும் கேட்கவில்லை. – மாமி


அயோவா, 29.10.2006

அன்புள்ள மாமா, மாமி, நான் சுகம். இங்கே குளிர் தொடங்கிவிட்டது. வெண்கலத்தைத் தொட்டால் விரல் ஒட்டுகிறது.

ரோசா இதழ் தூவுவதில்லை மாமா. ஆட்டத்துக்கு முன் ஊரில் பூத்தேர் ஊர்வலம் வரும், அவ்வளவுதான். சீனித்தண்ணியும் இல்லை. சீனிக் கிண்ணம் நியூ ஒர்லியன்சில். வெள்ளம் வந்ததால் போன முறை வேறு ஊரில் நடத்தினார்கள், இந்த முறை திரும்பத் தங்கள் ஊருக்கே கொண்டுவருகிறார்கள். மியாமியில் ‘ஒரேஞ்ச் பௌல்’ என்கிற தோடம்பழக் கிண்ணம், டலஸில் பருத்திக் கிண்ணம். இப்படிச் சின்னதும் பெரிதுமாய் முப்பத்திரண்டு, மார்கழி நடுவில் தொடங்கித் தை வரைக்கும். நம்முடைய கோயில்கள் மாதிரி ஒவ்வொன்றுக்கும் தனிக் கொடி, தனித் திருவிழா. ஒன்றில் வென்றவன் இன்னொன்றுக்குப் போவதில்லை. நாட்டிலேயே முதல் இரண்டு அணி எது என்பதை மட்டும் ஆட்களும் கம்பியூட்டரும் சேர்ந்து கணக்குப் போட்டுத் தெரிவு செய்து கடைசியில் மோதவிடுவார்கள். அந்தக் கணக்கில் ஒவ்வொரு வருடமும் சண்டைதான்.

நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். ஒவ்வொரு கிண்ணத்துக்கும் ஒரு கமிட்டி இருக்கிறது. கமிட்டிக்காரர் நேரில் வந்து ஆட்டம் பார்ப்பார்கள். தூரத்தில் இருந்தே தெரியும். தோடம்பழக் கிண்ணத்தார் தோடம்பழ நிறக் கோட்டுப் போட்டிருப்பார்கள். பிடித்தால் கை குலுக்கி வாயால் அழைப்பார்கள்.

அண்ணாவின் கலியாணத்தைப் பற்றி எழுதாமல் விட்டது மறதி இல்லை. அதை உங்களுக்கு எழுத எனக்கு இருபது வயது போதவில்லை. தலைப்பாகையைத் தாய்மாமன் எடுத்து வைத்தால்தான் மணவறைக்குப் போவேன் என்று அண்ணா சொல்கிறான். அம்மா கதையை மாற்றிவிடுகிறா.

அன்புடன்
ஆதிரை


எசன், 8.11.2006

ஆதிரை, சுகம்.

பார்த்தாயா? கோட்டுப் போட்டு, நேரில் வந்து, வாயால். வெள்ளைக்காரனுக்கே தெரிந்த முறை. அந்தப் பகுதியை மட்டும் வெட்டி உன் அம்மாவுக்கு அனுப்பு.

தபாலில் ஏதும் வந்தால் உறையைப் பிரிக்காமல் திருப்பி அனுப்புவேன். ராசனிடமும் சொல்லிவைத்திருக்கிறேன்.

மாமா

நாளுக்கு இரண்டு தரம் தபால்பெட்டியைத் திறந்து பார்ப்பது நான் இல்லை. – மாமி


அயோவா, 27.11.2006

அன்புள்ள மாமா, மாமி, இருவரும் சுகமாய் இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

கடைசி ஆட்டத்தில் கொக்குகள் ஆறாவது வெற்றியை எடுத்துவிட்டார்கள். ஆட்டம் முடிந்தபோது என் கை இரண்டும் விறைத்துப்போயிருந்தன, ஆனால் தாளத்தை நிறுத்தவில்லை. இனி ஞாயிற்றுக்கிழமை வரை காத்திருக்கவேண்டும். ஆறு வென்றும் அழைப்பு வராமல் வீட்டில் இருக்கப்போகிற அணிகளும் இருக்கின்றன.

அம்மாவுடன் கதைத்தேன். கார்ட் அச்சடித்து வந்துவிட்டதாம். உங்களுடையதற்கு விலாசம் எழுதி, தபால் முத்திரையும் ஒட்டி, அலுமாரிக்கு மேலே வைத்திருக்கிறாவாம்.

“போடப்போறீங்களோ?” எண்டு கேட்டன்.

“அண்ணைக்குத் தங்கச்சி வீட்டுக்கு வர ஒரு கார்ட் வேணுமோ?”

“அப்ப நீங்கள் ஒருக்காப் போங்கோவன்.”

“நான் போகமாட்டன். உன்ர தலையில தண்ணி வாக்கேக்க எல்லாரும் உன்னைப் பாத்தினம். நான் வாசலைப் பாத்துக்கொண்டு நிண்டனான். தாய்மாமன் உடைக்கவேண்டிய தேங்காயை உடைக்க அண்ணை வருவார் வருவார் எண்டு.”

அதற்குப் பிறகு வெங்காயம் வெட்டுகிறேன் என்று போனை வைத்துவிட்டா.

மாமா, நீங்களும் அம்மாவும் ஆறு வெற்றி எடுத்துவிட்டு ஆளுக்கொரு வீட்டில் இருக்கிறீர்கள்.

அன்புடன்
ஆதிரை


எசன், 8.12.2006

அன்பு மருமகளுக்கு, மாமா சுகம், மாமிக்குச் சாடையான தடிமனும் தும்மலும்.

அழைப்பு வந்ததோ? இங்கே கடை முழுவதும் கொக்குகளுக்காகக் காத்திருக்கிறது.

ராசனுக்கு ஒரு சந்தேகம். கிண்ணம் வைக்க அரசாங்க அனுமதி வேண்டுமோ? சும்மா ஒரு ஆள், தன்னிடம் இடமும் அடுப்பும் இருக்கிறது என்று, தானே ஒரு கமிட்டியாகி, தானே போய் அழைக்கலாமோ? அப்படி அழைக்கப் போகிறவனை ஆட்கள் இளக்காரமாய்ப் பார்ப்பார்களோ? அவசரம் இல்லை. ராசன் சும்மாதான் கேட்கிறான்.

தேங்காய் பற்றி எனக்கு ஒருவரும் சொல்லவில்லை. வேறு ஆள் ஒழுங்குபண்ணியிருப்பார்கள் என்றுதான் நான் நினைத்திருந்தேன்.

மாமா


அயோவா, 3.1.2007

அன்புள்ள மாமா, மாமி, புதுவருட வாழ்த்து. மாமியின் தடிமன் மாறியிருக்கும்.

எங்களை அழைத்தார்கள். தெற்கே, ஒரு டயர் கம்பனியின் பெயரில் நடக்கிற சின்னக் கிண்ணம். பஸ்ஸில் ஒரு பகலும் ஒரு இரவும் போனோம். அரங்கில் பாதிதான் ஆட்கள். கடைசி நிமிடத்தில் தோற்றுப்போனோம். பெடியள் அழுதார்கள். ஆனால் வந்த ஒவ்வொருவனுக்கும், வென்றவன் தோற்றவன் என்று பார்க்காமல், கமிட்டி ஒரு பை கொடுத்தது. தொப்பி, மணிக்கூடு, போர்வை. கலியாணவீட்டில் தாம்பூலப் பை கொடுக்கிற மாதிரி. தாளக்காரிக்கும் ஒரு தொப்பி கிடைத்தது.

ராசன் அண்ணைக்குச் சொல்லுங்கோ: கிண்ணம் யாரும் தொடங்கலாம். ரோசாக் கிண்ணமே அப்படி வந்ததுதான். ‘மற்ற ஊரெல்லாம் பனி, எங்கள் ஊரில் ரோசா பூத்திருக்கிறது, வந்து பாருங்கள்’ என்று ஒரு ஊர்க்காரர் பூத்தேர் இழுத்தார்கள். ஆட்டம் பிறகுதான் வந்தது. அழைக்கப் போகிறவனை இங்கே ஒருவரும் குறைவாய் நினைப்பதில்லை. அழைக்கிறவன்தானே வீட்டுக்காரன்.

அன்புடன்
ஆதிரை


அயோவா, 4.2.2007

அன்புள்ள மாமா,

என் கடிதத்துக்கு ஒரு மாதமாய்ப் பதில் இல்லை. சுகம்தானே? நான் ஏதும் கூடக் கதைத்துவிட்டேனோ? மாமி, நீங்களாவது ஒரு வரி எழுதுங்கோ.

ஆதிரை


எசன், 12.2.2007

அணித்தலைவி ஆதிரைக்கு மாமா எழுதுவது. எல்லோரும் சுகம். இந்தக் கடிதத்தை நானே தபாலில் போடுகிறேன்.

எழுதாமல் இருந்தது கோபம் இல்லை. கோட்டுத் தேடினேன். எசனில் தோடம்பழ நிறத்தில் கோட்டுக் கிடைப்பது லேசில்லை. கடைசியில் இத்தாலியில் தைத்த ஒன்று எடுத்தேன். போட்டுக்கொண்டு ரயிலில் ஏறினால் டிக்கெட் பார்க்கிறவனே எழும்பி இடம் தந்தான்.

சனிக்கிழமை பானில் இறங்கினேன். நேரே போய் மணியை அடித்தேன். ஒரு நிமிடம்கூடத் தயங்கவில்லை. உன் அம்மா ஓடிவந்து தோளில் விழுந்து அழுதாள். மேல்மாடி ஜெர்மன்காரர் எல்லாம் இறங்கி வந்து கை தட்டினார்கள். நான் வெற்றிலைத் தட்டை நீட்டி, “வாற மாதம் முதல் ஞாயிறு எசனில தம்பித்துரைக் கிண்ணம். நீங்கள் எல்லாரும் தெரிவாகியிருக்கிறியள்” என்றேன். உன் அப்பாவும் ரஜிதனும் மலைத்துப்போய் நின்றார்கள்.

கலியாணத்தைப் பற்றி நான் ஒரு சொல்லும் கேட்கவில்லை. அவளும் சொல்லவில்லை. நான் போனது அழைக்க.

இன்று முழங்காலும் நோகாத
மாமா


அயோவா, 20.2.2007

என் அன்புக் கமிட்டிக்கு ஆதிரை எழுதுவது. நான் சுகம். உங்கள் கடிதத்தை மூன்று தரம் வாசித்தேன்.

அம்மா போனில் சொன்னது கொஞ்சம் வேறு மாதிரி. அவ சொன்னபடியே எழுதுகிறேன்.

“குசினி ஜன்னலால பாத்தன். எதிர்ப்பக்கம் பஸ் தரிப்பிடத்தில குப்பை எடுக்கிற ஆக்களின்ர கோட்டோட ஒரு ஆள். பஸ் வருது, போகுது, ஆள் ஏறேல்ல. மழை வேற தூறுது. பிறகு பாத்தால் ஒரு காலைத் தூக்கி மற்றக் காலில தேய்ச்சுக்கொண்டு நிக்கிறார். சின்னனில பிழை விட்டிட்டு வீட்டுக்குள்ள வரப் பயந்தால் அண்ணை அப்பிடித்தான் நிப்பார். நான் போய் இன்னும் ஒரு சுண்டு அரிசி களைஞ்சு போட்டன்.”

மணி அடித்ததும் “யார்?” என்று அம்மா கேட்டாவாம். “கமிட்டி” என்றீர்களாம். கதவைத் திறந்து, “அண்ணை, சாப்பிட்டனீங்களோ?” என்று கேட்டாவாம். ஏழு வருடத்துக்குப் பிறகு முதல் சொல். “இல்லை” என்றீர்களாம்.

எங்களை ஏன் தெரிவு செய்தீர்கள் என்று அப்பா பகிடிக்குக் கேட்க, நீங்கள் விரல் மடித்து அம்மாவின் ஆறு வெற்றியைச் சொன்னீர்களாம். கைக்குழந்தை ரஜிதனோடு எல்லை தாண்டி வந்தது. கந்தோர்களில் தரை கூட்டிக்கொண்டே டொச் மொழி படித்தது. நாற்பது வயதில் அவுஸ்பில்டுங் என்கிற தொழிற்பயிற்சி முடித்து முதியோரைப் பராமரிக்கிற தாதியானது. அண்ணாவை எஞ்சினியர் ஆக்கினது. என்னைத் தனியாய் அமெரிக்காவுக்கு அனுப்பினது. ஆறாவதுக்கு மற்றக் கையின் விரலை மடித்துச் சொன்னீர்களாம்: “ஏழு வருசம் என்னோட கதைக்காமல் இருந்தது. அதுவும் லேசான வேலை இல்லைப் பிள்ளை.”

அம்மா அந்த ஆறையும் எனக்குப் போனில் எண்ணிச் சொன்னா. ஆறாவதை மட்டும் இரண்டு தரம் சொன்னா. நீங்கள் இல்லாத இடத்தில் நடந்ததெல்லாம் உங்களுக்குத் தெரிந்திருக்கிறது மாமா.

எங்கள் கொக்கும் ஒற்றைக் காலில்தான் நிற்கும்.

ஆதிரை


எசன், 6.3.2007

அன்பு மருமகள் ஆதிரைக்கு மாமா தம்பித்துரை. எல்லோரும் சுகம், வயிறு மட்டும் பாரம்.

முதலில் ஒன்று. பஸ் தரிப்பிடத்தில் நின்றது வேறு ஆளாய் இருக்கும். பானில் அப்படிக் கோட்டு நிறையப் பேர் போடுகிறார்கள்.

தம்பித்துரைக் கிண்ணம் சிறப்பாய் நடந்தது. ஆட்டிறைச்சிப் பிரியாணி, கத்தரிக்காய்ப் பால்கறி, மீன் பொரியல், என் புகழ்பெற்ற சலாட். வாசலில் கோட்டோடு நின்று வரவேற்றேன். உன் அப்பா கை தந்தார். ரஜிதன் குனிந்து காலைத் தொட்டான். வளர்ந்துவிட்டான், தலைப்பாகை வைக்க நான் கதிரையில் ஏறவேண்டும் போல் இருக்கிறது.

உன் அம்மா கமலநாயகி கடைசியாய் வந்தாள். படியில் கொஞ்சம் நின்றாள். பிறகு வலது காலை எடுத்து உள்ளே வைத்தாள். வைத்துவிட்டு, கைப்பையைத் திறந்து ஓர் உறையை எடுத்து இரண்டு கையாலும் நீட்டினாள்.

“அண்ணை, உங்கட வீட்டுக்கு வந்து, உங்கட வாசலில நிண்டு, என்ர வாயால சொல்லுறன். சித்திரையில பிள்ளைக்குக் கலியாணம். நீங்கள் நிண்டு நடத்தவேணும்.”

நான் இதைத் திட்டம் போட்டுச் செய்தேன் என்று கடையில் சொல்லியிருக்கிறேன். அழைக்கிறவன் வீட்டுக்கு, அழைக்கப்பட்டவன் வரத்தானே வேண்டும். வந்தால் கால் படத்தானே வேண்டும். உண்மையில் அவள் நீட்டியபோது என்னிடம் ஒரு திட்டமும் இருக்கவில்லை. “சாப்பிட வா” என்றேன்.

உறையில் என் விலாசம் வடிவாய் எழுதியிருந்தது. வலது பக்க மூலையில் கடதாசி கொஞ்சம் உரிந்திருந்தது, ஏதோ ஒட்டியிருந்ததைப் பிய்த்து எடுத்த மாதிரி. கண்ணாடி போடவில்லை, அதனால் சரியாய்த் தெரியவில்லை. நான் கேட்கவும் இல்லை.

போகும்போது அவர்களுக்கு ஒரு பை கட்டிக் கொடுத்தேன். பார்த்தால் அவளும் எனக்கு ஒரு பை கொண்டுவந்து கதவுக்குப் பின்னால் வைத்திருக்கிறாள். பருத்தித்துறை வடையும் நல்லெண்ணெயும், முழங்காலுக்காம். யார் வென்றது என்று ராசன் கேட்டான். “உனக்கு இந்த விளையாட்டு விளங்காது” என்று சொல்லிவிட்டேன்.

நீ ஆனியில் பிராங்பேர்ட்டில் இறங்கும்போது அந்தக் கோட்டோடு நிற்பேன். தூரத்திலேயே தெரியும். கலியாணத்துக்கு நீ இல்லாத குறைக்கு, மணவறையில் நடப்பதை ஒன்றும் விடாமல், கொஞ்சமும் கூட்டாமல் எழுதுவேன்.

தேங்காய் ஒன்று வாங்கி வைத்திருக்கிறேன். அது ரஜிதனுக்கு இல்லை, உனக்கு. வந்ததும் உடைப்போம்.

உன் மாமா

கண்ணாடி போட்டுத்தான் பார்த்தவர், பிள்ளை. அந்த உரிந்த மூலையை விரலால் தடவித் தடவிப் பார்த்தவர். மற்றபடி இந்தக் கடிதத்தில் திருத்த ஒன்றும் இல்லை. – மாமி